மேலப்பக்கம்

கடலிலிருந்து சுவர்போல எழும்பி நிற்கிற மலை அது. மேற்கே செங்குத்தாகக் கீழே தண்ணீர், கிழக்கே உச்சிவரை மேடு. மழைக்காலம் நான்கு மாதமும் கடல்காற்று ஓயாது. உச்சிப்பொழுதில் அந்தக் காற்றோடு மேகம் ஏறி வந்து மூடிவிட்டால் நீட்டிய கை தெரியாது.

கலங்கரை விளக்கம் கட்டும் வேலைக்கு வந்திருந்தோம். விளிம்புவரை சமமாக நீண்டிருந்த தட்டில் கிடந்த சிமெண்ட் மூட்டைகளுக்குத் தார்ப்பாய் போடப் போன ஆவுடையப்பன் திரும்புவதற்குள் மேகம் வந்துவிட்டது. சமவெளிக்காரன், வேலைக்கு வந்து மூன்றே நாள்.

"அண்ணாச்சி, கண்ணவிஞ்ச மாதிரி இருக்கு. எங்கிட்டு வரணும்?"

"பதறாத. மேலப்பக்கமா வாடே," என்று மேட்டிலிருந்த கொட்டகையிலிருந்து கத்தினேன். மலையில் பிறந்தவனுக்கு மேலப்பக்கம் என்றால் மேடுதான்.

"மேலப்பக்கந்தானே, வந்துருதேன். ஒரு சாயா போட்டு வையுங்க. நேத்து மாதிரி சீனியில கஞ்சம் பிடிக்காதீங்க."

சிரித்துக்கொண்டே அடுப்பை ஊதினேன். சற்று நேரம் கழித்து அவன் குரல் மறுபடியும் வந்தது, முன்னைவிடத் தூரத்திலிருந்து.

"மேக்க இருந்து வார காத்து நேரா மூஞ்சியில அடிக்கு, அண்ணாச்சி. சரியாத்தான் வாரேன்."

அப்போதுதான் எனக்கு உறைத்தது. அவன் ஊரில் மேலத்தெரு என்றால் மேற்குத் தெரு. என்னிடம் வருகிறவனுக்குக் காற்று முதுகில் அல்லவா அடிக்க வேண்டும்.

"நில்லுலே" என்று அடிவயிற்றிலிருந்து கத்தினேன். காற்று வலுத்திருந்தது. என் சத்தத்தை என் வாய்க்குள்ளேயே திருப்பித் திணித்தது. அவன் பேச்சு மட்டும் தெளிவாக வந்துகொண்டிருந்தது. அதைப் பிடித்துக்கொண்டு, காற்றை முகத்தில் வாங்கியபடி, நானும் மேற்கே ஓடினேன்.