ஏழு வாரம் தேடிய கோப்பு

"கோப்பு இன்னும் கிடைக்கலைங்க அய்யா. அடுத்த வாரம் வந்து பாருங்க."

கவுண்டர் பெண் தலை நிமிராமலே சொன்னாள். ஓவர்சியருக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இது ஏழாவது வாரம்.

ஓய்வு பெற்று நாலு வருஷம் ஆகியும் எல்லோருக்கும் அவர் ஓவர்சியர்தான். இதே நகராட்சி அலுவலகத்தில், இதே சாக்கடைப் பிரிவில், முப்பது வருஷம் குப்பை கொட்டினவர். அவருக்கே இந்தக் கதி என்றால் மற்றவன் பாடு என்ன?

ஓய்வுக்குப் பிறகு அவர் வாங்கிய வீடு இருக்கிற தெருவில் சாக்கடையே கிடையாது. மழை இல்லாத நாளிலும் கழிவுநீர் கொல்லைப்புறத்தில் கணுக்கால் அளவு நிற்கும். கழிப்பறைக்குப் போக அதைத் தாண்டித்தான் ஆக வேண்டும். செங்கல் அடுக்கிக் கொடுத்தார். அவர் மனைவி அதிலேயே வழுக்கி விழுந்தாள்.

அவளோ சர்க்கரை நோயாளி. காலில் பட்ட புண் ஆறவே இல்லை. இரண்டு விரலை எடுத்தாயிற்று. இன்னொரு தடவை அந்தத் தண்ணீர் பட்டால் காலையே எடுக்க வேண்டி வரும் என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

குடியிருக்கிற தெருவுக்குச் சாக்கடை போட்டுக் கொடுப்பது நகராட்சியின் கடமை, தர்மம் இல்லை என்று முதல் வாரமே, மனைவி காலுக்கு நேர்ந்ததையும் சொல்லி, சட்டப் பிரிவை எண்ணோடு ஒப்பித்துக் காட்டினார். கவுண்டர் பெண் மறுக்கவில்லை. அந்தத் தெருவின் பழைய கோப்பு இருந்தால்தான் புது வேலைக்கு அனுமதி வாங்க முடியும், அதைத்தான் காணோம் என்றாள்.

"என் காலத்துல ஒரு துண்டுச் சீட்டு தொலைஞ்சதில்லை" என்று வீட்டில் போய்ப் பொருமினார். மனைவி கட்டுப் போட்ட காலைத் தலையணை மேல் தூக்கி வைத்துக்கொண்டே, அந்தப் பெண்ணைத் திட்டாதீர்கள், பாவம் என்றாள். பாவமாம். அந்தக் கவுண்டர் பெண்ணைத் தண்ணியில்லாக் காட்டுக்கு மாற்றினால்தான் புத்தி வரும் என்று அவருக்கு ஆத்திரம்.

அதனால்தான் இன்று கையோடு புகார் மனு கொண்டுவந்திருந்தார். 'யார் மீது புகார்' என்ற இடத்தில், 'கவுண்டரில் இருக்கும் பெண் எழுத்தர்' என்று கொட்டை எழுத்தில் எழுதியிருந்தார். கமிஷனர் அறை வாசல் பெஞ்சில் போய் உட்கார்ந்தார்.

பின்னாலேயே அவள் வந்தாள். மனுவைக் கொடுத்துவிட்டீர்களா என்று மெதுவாகக் கேட்டாள்.

"குடுக்கத்தான் போறேன். இப்பத்தான் பயம் வந்துதா?"

அவள் முந்தானைக்குள் மறைத்திருந்த பழைய கோப்பை எடுத்து நீட்டினாள்.

பிரித்தார். தெருவுக்குப் பேர்கூட வைக்காத காலத்துக் கோப்பு. வெறும் நில எண்தான் இருந்தது. 'மேற்படி தெருவில் சாக்கடை அமைத்து முடிக்கப்பட்டது. நேரில் பார்த்துச் சரிபார்த்தேன்.'

கீழே அவருடைய கையெழுத்து. கணக்கு வருஷத்தின் கடைசி நாள் தேதி போட்டிருந்தது.

ஞாபகம் வந்தது. அன்றைக்குள் கையெழுத்தாகாவிட்டால் ஒதுக்கின பணம் திரும்பிப் போய்விடும் என்று கோப்புகளைக் கட்டுக்கட்டாக நீட்டுவார்கள். வேலை அடுத்த மாதம் நடக்கும் என்பார்கள். டீ ஆறுவதற்குள் நாற்பது கையெழுத்துப் போட்டார். எதையும் படிக்கவில்லை. அப்புறம் போய்ப் பார்க்கவும் இல்லை.

"முதல் வாரமே கிடைச்சிடுச்சு அய்யா. இது மேல போனா உங்க பென்ஷன் நின்னுடும். அம்மாவுக்கு மருந்து வாங்கணுமே, அதான் இல்லைன்னே சொல்லிட்டிருந்தேன்" என்றாள்.

அவரால் அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை. மனைவியின் இரண்டு விரல்களும் நினைவுக்கு வந்தன. தன் கையாலேயே வெட்டிய மாதிரி இருந்தது.

"பேனா இருக்காம்மா?"

கொடுத்தாள். 'யார் மீது புகார்' என்ற இடத்தில் இருந்ததை அடித்துவிட்டுத் தன் பேரை எழுதினார்.

பிறகு மனுவை முதல் வரியிலிருந்து கடைசி வரிவரை ஒரு எழுத்து விடாமல் படித்துப் பார்த்துவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டார்.