நீட்டிய கை

ஜீப்பின் முன்சீட்டில் மாஜி அமைச்சர் எழுந்து நிற்கிறார். பதவி போன பிறகு வந்திருக்கும் முதல் காட்டுப் பயணம். கழுத்தில் தொங்கும் பைனாகுலரில் விலைச்சீட்டுகூட இன்னும் ஆடுகிறது. எதிரே, அவரே திறந்துவைத்த சிமெண்டுக் கால்வாய்க்குள் ஒரு யானைக்குட்டி சறுக்குகிறது, எழுகிறது, மறுபடி சறுக்குகிறது. கரையில் மண்டியிட்ட தாய் தும்பிக்கையை நீட்டுகிறது. ஒரு முழம் எட்டவில்லை. "மதகை அடைக்கச் சொல்லுப்பா," என்கிறார் மாஜி. "ரேஞ்சர்கிட்ட சொல்லிட்டேங்கய்யா. மேலேருந்து உத்தரவு வரணுமாம்," என்கிறார் டிரைவர். "மேலேன்னா யாரு?" "அமைச்சருங்க." மாஜி யானையிலிருந்து கண்ணை எடுக்காமல் வலக்கையைப் பக்கவாட்டில் நீட்டுகிறார். பதவியிலிருந்த பத்து வருஷமும் அப்படி நீட்டினாலே போதும். வேண்டிய ஆள் ஏற்கெனவே லைனில் இருக்கும் போனை உதவியாளர் உள்ளங்கையில் வைத்துவிடுவார். கை நீண்டபடியே இருக்கிறது. தண்ணீரில் பட்ட வெயிலில் கண் கூசுகிறது. குட்டியின் பிளிறல் தேய்ந்து தேய்ந்து முனகலாகிறது. டிரைவர் அந்தக் கையைப் பார்க்கிறார், கொஞ்சம் யோசிக்கிறார், தண்ணீர் பாட்டிலைத் திருகித் திறந்து அந்த உள்ளங்கையில் வைக்கிறார்.