பதினான்கு தனி வீடுகள்

வீரய்யாவின் வெள்ளைச் சட்டையில் ஒரு பொட்டுச் சேறுகூட இல்லை. துஷ்யந்தியின் கண்ணில் முதலில் பட்டது அதுதான்.

பன்வில பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில் மலை இடிந்து மூன்று நாளாகிவிட்டது. பதினான்கு தனி வீடுகளும் மண்ணுக்குள் போய்விட்டன. இதுவரை எடுத்த இருபத்திரண்டு உடல்களையும் கீழே விளையாட்டு மைதானத்தில் வரிசையாகக் கிடத்தியிருந்தார்கள். கிடத்துவதற்கு அங்கே வேறு மட்டமான இடம் கிடையாது.

வரிசையில் எட்டாவது, துஷ்யந்தியின் கணவன் ராஜலிங்கம். ஏழு வயது மகள் தர்ஷிகா இன்னும் கிடைக்கவில்லை. அன்றைக்குக் கண்டியில் துணிக்கடை வேலையில் நின்றதால் துஷ்யந்தி மட்டும் தப்பினாள்.

"இப்பத்தான் வழி தெரிஞ்சிச்சா தலைவரே?" என்று கூட்டத்தில் ஒருவன் கத்தினான். "போட்டோ புடிக்க ஆளக் கூட்டிட்டு வரலியா?"

"தள்ளி நில்லுங்கப்பா, ஐயாவோட சட்டை அழுக்காயிரும்!" என்றாள் ஒருத்தி.

வீரய்யா வாயைத் திறக்கவில்லை. தோட்டத்துச் சங்கத் தலைவராக இருந்து, இந்த வீடுகளைக் காட்டி ஓட்டு வாங்கி, பிரதேச சபைத் தவிசாளரானவர். மைக் கிடைத்தால் ஒரு மணி நேரம் பேசுகிற மனிதர்.

மேலே, துஷ்யந்தியின் தம்பி மோகனராஜ் இன்னும் மண்ணை அள்ளிக்கொண்டிருந்தான். லீவில் வரும்போதெல்லாம் இந்த மைதானத்தில் ஓடிப் பழகி, நாட்டின் உதைபந்தாட்ட அணி வரைக்கும் போனவன். கொழும்பில் பயிற்சி முகாமிலிருந்து கிளம்பியவன், பாதை அடைபட்டுக் கிடந்ததால் வத்தேகமையிலிருந்து நடந்தே வந்து சேர்ந்தான். மண்வெட்டி பிள்ளை மேல் பட்டுவிடும் என்று இரண்டு கையாலும் தோண்டினான். விரல் நகம் இரண்டு பெயர்ந்து போயிருந்தது.

"அந்தப் புள்ளையப் பாருங்க, இவரப் பாருங்க" என்று யாரோ முணுமுணுத்தார்கள்.

பொலிஸ் சார்ஜன் மக்கீன் கொப்பியை விரித்தார். "தங்கச்சி, நீங்க செல்றதத்தான் எழுதப் போறேன். யோசிச்சி செல்லுங்க."

துஷ்யந்தி மூன்று நாளாக யோசித்துத்தான் வைத்திருந்தாள். மகள் கிடைத்தாலும் கிடைக்காவிட்டாலும், அந்த வீட்டை மலையில் கொண்டுபோய் வைத்தவன் பெயர் காகிதத்தில் ஏற வேண்டும். அதைப் பார்க்காமல் அவள் அந்த இடத்தை விட்டு நகர்வதாக இல்லை.

"எழுதுங்க சார். ஒம்பது வருசத்துக்கு முன்னால, எங்க வீட்டுக்கு மொதல்ல குச்சி நட்டுக் கயிறு கட்டுனது கீழ, மட்டமான எடத்துல. எங்க வீட்டுக்காரர் போயி ஏழு பேர்ச் நெலத்தையும் சுத்திச் சுத்தி நடந்து பாத்தாரு. அடுத்த மாசமே குச்சியப் புடுங்கி மலைக்குக் கொண்டு போயிட்டாங்க."

"அப்ப நீங்க ஒண்ணும் கேக்கல்லியா?"

"எங்க கேட்டோம்? அந்த மாசம்தான் தம்பி கொழும்பு டீமுக்கு எடுபட்டான். தோட்டமே வெடி போட்டுக்கிட்டு இருந்துச்சு. ஒத்த அறை லயத்த விட்டுப் போனாப் போதும்னு நாங்களும் இருந்துட்டோம். ஆனா மாத்துனது இவருதான் சார். வீரய்யா. அந்தப் பேர எழுதுங்க."

மக்கீன் நிமிர்ந்தார். "தலைவரே, சரியா?"

"கையெழுத்து என்னோடதுதான்."

"ஏன் மாத்தின?" என்று கேட்கப்போனவர், நாக்கைக் கடித்துக்கொண்டு, "ஏன் மாத்தினீங்க?" என்றார்.

வீரய்யா மண் மேட்டைப் பார்த்தார். "கேட்டாங்க. குடுத்தேன்."

"யாரு கேட்டா? மலை மேல வீடு குடுங்கன்னு நாங்களா கேட்டோம்?" துஷ்யந்தி பாய்ந்து அவர் சட்டையைப் பிடித்தாள். "எந்தப் பெரிய மனுசன் கேட்டான்? பேரச் சொல்லுங்க!"

"வேணாம்மா. என் பேரையே எழுதட்டும். நான் இனி எந்த எலக்சன்லயும் நிக்கப் போறதில்ல."

"நடிக்காதீங்க தலைவரே!" என்று கூட்டம் இரைந்தது. "புடிச்சி உள்ள போடுங்க சார்!"

மக்கீன் எழுதியதை ஒரு தடவை வாசித்துக் காட்டினார். பிறகு பேனாவை அவளிடம் நீட்டினார். "சரின்னா ஒப்பம் வைங்க."

துஷ்யந்தி பேனாவை வாங்கியபோது மோகனராஜ் மேட்டிலிருந்து இறங்கி வந்தான். கூட்டம் தானாக விலகி அவனுக்கு வழி விட்டது. ஒருத்தி தேத்தண்ணிக் கோப்பையை நீட்டினாள். அவன் வாங்கவில்லை.

"கெடைச்சிட்டாளா?" என்றாள் துஷ்யந்தி.

இல்லை என்று தலையசைத்தான். வீரய்யா அவசரமாக, "மோகன், நீ போப்பா. போயி அந்தப் பக்கம் பாரு" என்றார்.

அவன் போகவில்லை. அக்காவின் கையிலிருந்த பேனாவைப் பிடித்துக்கொண்டான். மைதானத்தில் கிடந்த உடல்களை ஒரு முனையிலிருந்து மறுமுனை வரைக்கும் பார்த்தான்.

"கீழ இருந்த எடத்தக் கிரவுண்டுக்குக் கேட்டது நான்தான், அக்கா."