அசைந்தால் அவுட்

"ஸ்டாச்சு" என்றாள் மோனிஷா.

அடுப்படியில், அரிசி டிரம்முக்குப் பின்னால், ஒற்றைக் கையைத் தூக்கியபடி அப்படியே நின்றான் தம்பி முருகவேல்.

அவள் எடுக்கும் அனிமேஷன் படத்தில் அவன் அசையவே கூடாது. பாத்திரங்கள்தான் அசைய வேண்டும்.

குடத்தை ஒரு விரல்கடை தள்ளி வைத்து ஒரு போட்டோ. இன்னும் ஒரு விரல்கடை, இன்னொரு போட்டோ. பன்னிரண்டு சேர்ந்தால் ஒரு நொடி. வரிசையாக ஓட்டினால் குடம் தானே உருண்டு வரும். ஆனால் ஆள் நூலளவு மாறி நின்றாலும் போதும், திரையில் அது நடுக்கமாகத் தெரியும்.

சென்னையில் அவளோடு படித்தவர்கள் யாருக்கும் இப்படி நிற்க வரவில்லை. கனகம்மாசத்திரத்தில் செல்போன் கடை வைத்திருக்கும் இவனுக்கு வருகிறது.

வராமல் என்ன? ஐந்து வயதிலிருந்து பழக்கம்.

தெருமுனையில் நைனாவின் ஆட்டோ திரும்பும் சத்தம் கேட்டதும் அவனை இங்கே இழுத்து வந்து "ஸ்டாச்சு" சொல்லிவிடுவாள். அசைந்தால் அவுட். கூடத்தில் பாத்திரங்கள் உருளும். அம்மாவின் வளையல் சத்தம் அடங்கிய பிறகுதான் "ரிலீஸ்". ஜெயித்தால் காலையில் ஒரு கரண்டி பஞ்சாமிர்தம்.

அவன் ஒருநாளும் தோற்றதில்லை.

அவனைப் பொறுத்தவரை அது விளையாட்டு. அந்த வீட்டிலிருந்து அவளால் காப்பாற்ற முடிந்தது அது ஒன்றுதான். அதனால் படத்தில் பாத்திரங்கள் ஏன் உருளுகின்றன என்று இன்றுவரை அவனிடம் சொல்லவில்லை. சொல்வதாகவும் இல்லை.

சாயங்காலம் லேப்டாப்பில் ஓட்டிப் பார்த்தார்கள்.

சொம்பு துள்ளியது. குடம் உருண்டு வந்து அவன் காலடியில் நின்றது. அவனிடம் ஒரு முடிகூட அசையவில்லை.

அவனுக்கு மேலே, சுவரில்தான் ஏதோ உதறிக்கொண்டே இருந்தது.

மோனிஷாவின் நிழல். ஜன்னல் வெளிச்சத்தை மறைத்து நின்றிருக்கிறாள். கவனிக்கவே இல்லை.

"சே, என் நிழல் விழுந்துச்சுடா. மொத்தமும் திரும்ப எடுக்கணும்."

முருகவேல் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"பஞ்சாமிர்தம் எனக்கு அப்பவே புடிக்காதுக்கா. என் தோள்ல கைய வச்சிகினு இதே மாதிரிதான் நடுங்கிகினு இருப்ப. நானும் ஆடுனா நீ அழுதுருவன்னுதான் அசையாம நின்னேன்."

மோனிஷா அசையவில்லை. எங்கோ கோயில் மணி அடித்து ஓய்ந்தது.

அவன் அவள் தோளைத் தொட்டான்.

"ரிலீஸ்" என்றான்.