ஆஸ்பத்திரி வாசலில் ரோந்து வண்டி

ஆஸ்பத்திரி வளாகத்துக்குள் நிற்கும் காரின் கண்ணாடியில் ரோந்து வண்டியின் சிவப்பும் நீலமும் மாறி மாறி விழுகின்றன. "நெடுஞ்சாலை போலீஸ் இங்கயும் நிறுத்தலாமா சார்?" என்று காரை ஓட்டி வந்தவன் கேட்கிறான். வம்புக்கு இல்லை, நிஜமாகவே புரியவில்லை. "அங்க பறந்துட்டு இங்க வந்து பூந்துக்கிட்டா விட்ருவோமா? துரத்திட்டு வந்தா எங்க வேணா நிறுத்துவோம், தம்பி." அதிகாரியின் பார்வை பக்கத்து இருக்கையில் பெல்ட் மாட்டி உட்கார்ந்திருக்கும் வெந்நீர் ஃபிளாஸ்க்கில் நிற்கிறது. "ஆஸ்பத்திரில யாரு?" "வொய்ஃப்" என்று வாய் சொல்லிவிடுகிறது. அவள் இறந்து ஒரு மாதம் ஆகிறது. வெந்நீர் நிரப்பிய கைக்கும் இங்கே வந்து நின்ற காருக்கும் அது இன்னும் உறைக்கவில்லை. அதிகாரி அபராத ரசீதை மடக்கிப் பைக்குள் வைக்கிறார். "முதல்ல போய் அவங்களைப் பாருங்க. போங்க." ரோந்து வண்டி நகர்வதாக இல்லை. அவர் பார்த்துக்கொண்டே இருக்கிறார். அவன் ஃபிளாஸ்க்கை எடுத்துக்கொண்டு இறங்கி, உள்ளே நடக்கிறான்.