பிணைக் கையெழுத்து

மகன் சுதாகர் ஆட்டோவுக்கு எடுத்த கடனைத் தானே மாதாமாதம் கட்டுவதாக, பிணை நின்ற தெய்வானை கண்டி நீதிமன்றத்தில் ஒத்துக்கொண்டாள். வங்கி போட்ட வழக்கு அத்தோடு முடிந்தது.

வெளியே வந்ததும் சட்டத்தரணி யோகராசா கோபப்பட்டார்.

"கொழுந்து பறிக்கிற சம்பளத்தில எப்பிடியம்மா கட்டுவியள்?"

"கட்டிருவேன் ஐயா. அவன் வந்தா தந்துருவான்."

"கிராம சேவகர் கொண்டுவந்த விண்ணப்பத்தில ஒரு கையெழுத்து வச்சிருந்தா, இன்சூரன்சே முழுக் கடனையும் கட்டியிருக்கும். எத்தனை தரம் சொன்னனான்?"

தெய்வானை கலஹா பஸ் வரும் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"மண்சரிவுல மாட்டுன எல்லாரையும் எடுத்துட்டாங்க. அவனை மட்டும் இன்னும் எடுக்கலயே ஐயா. செத்துட்டான்னு பெத்தவ எப்படிக் கையெழுத்துப் போடுவா?"