ஒரு வரி முந்தி

இங்கிலாந்தின் விட்பி கடற்கரைத் தேநீர்க்கடையில், பக்கத்து மேசையில் அக்காளும் தங்கையும் உட்கார்ந்திருக்கிறார்கள். அம்மா போனபின் பேச்சை முறித்துக்கொண்டவர்கள், வருடங்கள் கழித்து இன்றுதான் சந்திக்கிறார்கள். "டீ ஆனதும் கிளம்பணும்" என்கிறாள் தங்கை ஹேசல். "இப்பவும் மூணு கரண்டி சர்க்கரையா?" என்கிறாள் அக்காள் பெரில். "பல்லே என்னோடது இல்ல, கட்டினது, உனக்கென்ன?" ஹேசல் கரண்டியைச் சத்தமாகச் சுழற்றிக் கலக்குகிறாள். ஈரக் கண்ணாடி வழியே வரும் சாம்பல் வெளிச்சத்தில் கோப்பைகளின் ஆவி மெல்ல எழுகிறது. உள்ளே ரேடியோவில் ஒரு பழைய ராக் பாட்டு தொடங்குகிறது. கிடாரை அறைந்துகொண்டு, தானே எழுதிய வரிகளைத் தொண்டை கிழியப் பாடுகிறான் ஓர் ஆங்கிலேயப் பாடகன். இருவரும் ஆளுக்கொரு பக்கம் பார்த்தபடி கூடவே முணுமுணுக்கிறார்கள். இரண்டாம் சரணத்தின் நடுவே, ஒரே நொடியில், இருவருமே ஒரு வரியைப் பாடாமல் தாண்டி அடுத்த வரிக்குக் குதிக்கிறார்கள். பாடகன் பின்தங்கிவிடுகிறான். ஒருவரையொருவர் பார்க்கிறார்கள். "நம்ம வீட்டு இசைத்தட்டுல ஊசி அங்கதானே எகிறும்! நீ ஆடி மேசைய இடிச்சு விழுந்த கீறல்டி அது" என்கிறாள் பெரில். "இடிச்சது நீ. அம்மாகிட்ட அடி வாங்கினதுதான் நான்." பெரில் சிரிப்பை அடக்கப் பார்க்கிறாள், முடியவில்லை. "அது சரி, அந்த வரியில என்னதான் பாடறான்?" "யாருக்குத் தெரியும், நாம கேட்டதே இல்லையே." ஹேசல் கடைக்காரியைப் பார்த்துக் கையைத் தூக்குகிறாள்: "இன்னொரு கெண்டி டீ கொண்டு வாம்மா, ரெண்டு பேருக்கு."